பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி தப்பா? எல்லைப்புறத்துக்காரர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவின் கிழக்குக் கோடியில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம், ஆன்லைன் விண்ணப்பம் போட்டுக் கொடுக்கிற வேலை எனக்கு. வேலந்தாவளம், கோபாலபுரம், மீனாட்சிபுரம் என்று எந்தப் பக்கம் போனாலும் செக்போஸ்ட்தான். எங்கள் ஆட்களுக்குப் பிரசவம் பொள்ளாச்சியில், பள்ளிக்கூடம் கேரளாவில், வேலை கோயமுத்தூரிலோ துபாயிலோ. ஒவ்வோர் இடத்திலும் ஒரு காகிதம், ஒவ்வொரு காகிதத்திலும் ஒரு தேதி. மேசைக்கு முன்னால் உட்கார்ந்து திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட சந்தேகங்களை, கேட்டவர்கள் பேச்சிலேயே எழுதி வைத்திருக்கிறேன்.

பாஸ்போர்ட்ல பொறந்த தேதி தப்பா இருக்குதுங்க. அதுலயே அடிச்சுத் திருத்திக் குடுப்பாங்களா?

மாட்டார்கள். பழைய புத்தகத்தில் யாரும் பேனா வைப்பதில்லை. பாஸ்போர்ட் சேவா தளத்தில் ‘மறுவழங்கல்’ என்ற பிரிவில் போய், காரணம் ‘சொந்த விவரங்களில் மாற்றம்’, அதில் பிறந்த தேதி என்று தேர்ந்தெடுக்க வேண்டும். புதிய எண்ணோடு புதிய புத்தகம் வரும். பழையதை ரத்து முத்திரை குத்தித் திருப்பிக் கொடுப்பார்கள். அதைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், பின்னால் வேலை இருக்கிறது.

விண்ணப்பத்தில் நீங்கள் சரியாக எழுதி, அச்சில்தான் தப்பாக வந்திருக்கிறது என்றால் அது வேறு கதை. புத்தகம் கைக்கு வந்த அன்றைக்கே பிரித்துப் பாருங்கள். தப்பு தெரிந்தால் விண்ணப்ப நகலோடு போய் அவர்கள் பிழை என்று எழுதிக் கொடுத்து மறுபதிப்புக் கேளுங்கள். நாங்கள் பார்க்கிற கேஸ்களில் இப்படி வருவது குறைவு. பெரும்பாலும் நாம் கொடுத்த காகிதத்திலேயே தப்பு இருக்கும்.

எந்தக் காகிதத்தைத்தான் நம்புவாங்க?

பிறப்புச் சான்றிதழை. புதிதாகப் பாஸ்போர்ட் எடுப்பவருக்கு 2016 டிசம்பரிலிருந்து விதிகள் தளர்ந்துவிட்டன. பள்ளி மாற்றுச் சான்று, பத்தாம் வகுப்புச் சான்று, பான் கார்டு, ஆதார், ஓட்டுநர் உரிமம், வாக்காளர் அட்டை, எல்.ஐ.சி. பாலிசிப் பத்திரம் இவற்றில் ஒன்று இருந்தாலும் பிறந்த தேதிக்கு ஆதாரமாக எடுத்துக்கொள்வார்கள். 2023 அக்டோபர் 1 அன்றோ அதற்கு அப்புறமோ பிறந்த குழந்தைகளுக்கு மட்டும் பிறப்புச் சான்று தவிர வேறெதுவும் செல்லாது.

ஆனால் நீங்கள் கேட்பது திருத்தம். ‘முன்பு நான் சொன்னது தப்பு, இதுதான் சரி’ என்கிறீர்கள். அதற்கு, முன்பு கொடுத்ததைவிடக் கனமான காகிதம் வேண்டும். பாஸ்போர்ட் அதிகாரி உங்கள் பிறந்த தேதியை முடிவு செய்பவர் இல்லை, பிறப்புப் பதிவேட்டில் இருப்பதை எடுத்து எழுதுபவர். அதனால் முதலில் பதிவேடு, அப்புறம் பள்ளி, அப்புறம்தான் பாஸ்போர்ட். முக்கால்வாசிப் பேர் இதைத் தலைகீழாகச் செய்துவிட்டு என் மேசைக்கு வருகிறார்கள்.

நான் பொறந்தது பொள்ளாச்சி ஆஸ்பத்திரிங்க. வீடு இங்க கேரளாவுல. சர்டிபிகேட் எங்க வாங்கறது, பாஸ்போர்ட் எங்க போடறது?

பிறப்பு எங்கே நடந்ததோ அங்கேதான் பதிவாகும், வீடு எங்கே என்பது கணக்கில்லை. பொள்ளாச்சி ஆஸ்பத்திரியில் பிறந்தவருக்குப் பொள்ளாச்சி நகராட்சிதான் பதிவாளர். நம் பஞ்சாயத்து செக்ரட்டரியிடம் நின்று கெஞ்சியும் பயனில்லை, அவர் புத்தகத்தில் நீங்கள் இல்லை. இங்கேயே வீட்டில் பிறந்திருந்தால் பஞ்சாயத்தில் கேளுங்கள். பதிவு இருந்தால் கேரளாவில் இப்போது கே-ஸ்மார்ட் என்ற உள்ளாட்சிச் சேவைத் தளத்திலேயே இறக்கிக்கொள்ளலாம்.

பாஸ்போர்ட்டுக்கு இந்தச் சிக்கல் இல்லை. 2018-இலிருந்து நாட்டில் எந்தப் பாஸ்போர்ட் அலுவலகத்தைத் தேர்ந்தெடுத்தும் விண்ணப்பிக்கலாம். நமக்குக் கொச்சி மண்டலம், பொள்ளாச்சி விலாசக்காரர்களுக்குக் கோயமுத்தூர் மண்டலம். மாற்றிப் போட்டாலும் குற்றமில்லை. போலீஸ் விசாரணை மட்டும் நீங்கள் எழுதிய விலாசத்துக்குத்தான் வரும். வசதிக்காக மாமியார் வீட்டு விலாசத்தைப் போட்டுவிட்டு, போலீஸ்காரர் வரும்போது அங்கே ஆளில்லாமல் நிற்காதீர்கள்.

தேதி சரிதான், பொறந்த ஊருதான் பாலக்காடுன்னு இருக்குது. பொள்ளாச்சின்னு மாத்தணுமா?

தேதிக்காக மறுவழங்கல் போடும்போது அதையும் சேர்த்து மாற்றிவிடுங்கள். கட்டணம் ஒன்றுதான். ஊர் மட்டும் தப்பு என்றாலும் அடுத்த புதுப்பித்தல் வரை தள்ளிப்போட வேண்டாம் என்பேன். பிறப்புச் சான்று கேட்கிற நாட்டுக்கு விண்ணப்பிக்கும்போது அது வந்து குறுக்கே நிற்கும்.

எங்கம்மா என்னைப் பதியவே இல்லீங்க. வீட்ல பொறந்தது. இப்ப என்ன பண்றது?

1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி 21 நாளுக்குள் பதிய வேண்டும். விட்டுப்போனால் தாமதப் பதிவுக்கு வழி இருக்கிறது. ஒரு வருடம் தாண்டிவிட்டால் முன்பு முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் உத்தரவு என்றிருந்தது. 2023 திருத்தத்துக்கு அப்புறம் மாவட்ட மாஜிஸ்திரேட், சப் டிவிஷனல் மாஜிஸ்திரேட், அல்லது மாவட்ட மாஜிஸ்திரேட் அதிகாரம் கொடுத்த நிர்வாக மாஜிஸ்திரேட் உத்தரவு போதும். நம் பேச்சில் சொன்னால் ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) ஆபீஸ் அல்லது சப் கலெக்டர் ஆபீஸ்.

முதலில் அந்தந்தப் பதிவாளரிடம் ‘பதிவு இல்லை’ என்ற சான்று வாங்க வேண்டும். தேடுவதற்கு உத்தேச வருடம் சொல்லச் சொல்வார்கள். ஒரே வருடத்தைச் சொல்லாமல் முன்னும் பின்னும் இரண்டு வருடம் சேர்த்துச் சொல்லுங்கள். ‘பதியவே இல்லை’ என்று சத்தியம் செய்த ஒரு பெரியம்மாவுக்கு, குழந்தையின் பேர் எழுதாமல் அப்பா அம்மா பேர் மட்டும் எழுதிய பதிவு அடுத்த வருடத்துப் பக்கத்தில் கிடைத்தது. அந்தக் காலத்தில் பேர் வைக்கும் முன்பே பதிந்துவிடுவார்கள், பேரை அப்புறம் சேர்க்க யாரும் போவதில்லை. அப்படிப்பட்ட பழைய பதிவு கிடைத்தால் அது தங்கம். நேற்று வாங்கிய தாமதப் பதிவைப் பார்க்கிற கண்ணால் அதைப் பார்க்க மாட்டார்கள்.

பிறப்புச் சான்றிதழ்லயே தேதி தப்பா இருந்தா?

அப்போது திருத்த வேண்டியது அங்கேதான். மேலே சொன்ன சட்டத்தின் 15-ஆம் பிரிவில் பதிவாளருக்கே அந்த அதிகாரம் இருக்கிறது. பழைய எழுத்தை அழிக்க மாட்டார். ஓரத்தில் திருத்தத்தை எழுதி, தேதி போட்டுக் கையெழுத்திடுவார். ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சீட்டு, பிரசவ வார்டு பதிவேட்டின் நகல், தடுப்பூசி அட்டை மாதிரி பிறந்த சமயத்தில் எழுதிய காகிதம் எதுவானாலும் எடுத்துப் போங்கள். நாற்பது வயதில் எடுத்த ஆதாரைக் காட்டி பிறந்த தேதியைத் திருத்தச் சொன்னால் எந்தப் பதிவாளரும் தயங்கத்தான் செய்வார்.

ஜாதகம் இருக்குதுங்க, அது செல்லாதா?

பாஸ்போர்ட்டுக்குச் செல்லாது. ஆனால் தப்பு எங்கே நடந்தது என்று கண்டுபிடிக்க எனக்கு அதிகம் உதவியது ஜாதகம்தான். பஞ்சாங்கத்தில் நாள் சூரிய உதயத்தில் தொடங்குகிறது. செவ்வாய்க்கிழமை விடியக்காலை இரண்டரை மணிக்குப் பிறந்த குழந்தை ஜாதகத்தில் திங்கட்கிழமைக் குழந்தை, ஆஸ்பத்திரிச் சீட்டில் செவ்வாய்க்கிழமைக் குழந்தை. ஜாதகத்தைப் பார்த்து வீட்டில் சொன்ன தேதி ஒரு நாள் பின்தங்குவது இப்படித்தான்.

இன்னொன்று எல்லைப்புறத்துக்கே உரியது. சித்தூர் பழைய கொச்சி ராஜ்ஜியம் ஆனதால் பெரியவர்கள் குறிப்பில் கொல்லம் ஆண்டு, அதாவது மலையாள ஆண்டுக் கணக்கு இருக்கும். ‘1150 சிங்ஙம்’ என்று எழுதியிருந்தால் 1974 ஆகஸ்ட் நடுவில் தொடங்கிய மாதம். சிங்ஙத்திலிருந்து டிசம்பர் வரை 824-ஐக் கூட்ட வேண்டும், ஜனவரியிலிருந்து கர்க்கடகம் (நம் ஆடி) முடிய 825-ஐக் கூட்ட வேண்டும். எல்லாவற்றுக்கும் 825 கூட்டி ஒரு வருடத்தைத் தள்ளி எழுதியவர்கள் உண்டு. நம் ஆவணியும் அவர்கள் சிங்ஙமும் ஒரே மாதம்தான். ஆனால் மாதப்பிறப்பைக் கணிக்கிற முறையில் வித்தியாசம் இருப்பதால் சில மாதங்களில் ஒரு நாள் முன்பின் ஆகும். தமிழ்ப் பஞ்சாங்கத்தை வைத்து மலையாளத் தேதியை மாற்றினால் அங்கேயும் ஒரு நாள் வழுக்கும்.

எஸ்.எஸ்.எல்.சி. புக்குல மே 30, பிறப்புச் சான்றுல செப்டம்பர். எது ஜெயிக்கும்?

எங்கள் பக்கம் மே கடைசி வாரத்தில் பிறந்தவர்கள் கூட்டம் கூட்டமாக இருக்கிறோம். காரணம் எல்லாருக்கும் தெரியும். ஜூன் 1-இல் ஐந்து வயது முடிந்தால்தான் ஒன்றாம் வகுப்பு என்று அப்போது இருந்தது. செப்டம்பரில் பிறந்த பிள்ளையைச் சேர்க்க வந்த அப்பாவிடம் வாத்தியார் ‘ஒரு வருஷம் வீணாப் போகுமே’ என்று சொல்லிவிட்டு அவரே ஒரு தேதியை எழுதிவிடுவார். நல்லெண்ணம்தான். என் அக்காவின் பள்ளிச் சான்றிலும் அப்படி ஒரு மே மாதம் இருக்கிறது. அதைச் சரி செய்ய வீட்டில் இரண்டு வருடம் அலைந்தோம்.

சட்டப்படி பிறப்புப் பதிவுக்குத்தான் பலம். ஆனால் இரண்டும் இரண்டாக இருக்கையில் பாஸ்போர்ட் அலுவலகம் ‘எதை நம்ப’ என்று கேட்கும். அதனால் முடிந்தவர்கள் பள்ளிச் சான்றை முதலில் திருத்திவிடுங்கள். கேரளாவில் படித்தவர்கள் படித்த பள்ளித் தலைமையாசிரியர் மூலம் கேரளத் தேர்வு அலுவலகமான திருவனந்தபுரம் பரீட்சா பவனுக்கு எழுத வேண்டும். தமிழ்நாட்டில் படித்தவர்களுக்கு அரசுத் தேர்வுகள் இயக்ககம். இதற்கு நாளாகும். இதை முடித்துவிட்டுப் போனவர்களிடம் கவுன்ட்டரில் கேள்வியே கேட்கவில்லை என்பதை நான் பார்த்திருக்கிறேன்.

ஆதார், பான் ரெண்டுலயும் மாத்திட்டேன். அது போதாதா?

போதாது. அவை துணைக்கு நிற்கும், தாங்கி நிற்காது. இன்னொரு எச்சரிக்கை: ஆதாரில் பிறந்த தேதியைப் பொதுவாக ஒரே ஒரு முறைதான் மாற்றலாம். அவசரப்பட்டு மே 30-ஐ ஆதாரில் ஏற்றிவிட்டு, அப்புறம் பிறப்புச் சான்று கையில் கிடைத்து விழித்தவர்கள் பலர். பிறப்புச் சான்று வரும் வரை ஆதார் பக்கம் போகாதீர்கள்.

பாஸ்போர்ட் எடுத்துப் பன்னெண்டு வருஷம் ஆச்சு. இனி மாத்த முடியாதுங்கறாங்களே?

ஒரு காலத்தில் பாஸ்போர்ட் கொடுத்த நாளிலிருந்து 5 ஆண்டு என்று ஒரு கெடு வைத்திருந்தார்கள். அந்தப் பேச்சுதான் இன்னும் ஊரில் சுற்றுகிறது. வெளியுறவு அமைச்சகம் பின்னால் அதைத் தளர்த்திவிட்டது, இப்போது தாமதம் ஒன்றையே காரணம் காட்டித் திருப்பி அனுப்பக் கூடாது. ஆனால் ‘ஏன் இத்தனை நாள்?’ என்று கேட்பார்கள். அதற்கு உண்மையான ஒரு வரி உங்களிடம் இருக்க வேண்டும்.

செலவு எவ்வளவு ஆகும்? தட்கல்ல போட்டா சீக்கிரம் வருமா?

பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகம் 1500 ரூபாய், 60 பக்கம் 2000. பதினெட்டு வயதுக்குக் கீழே 1000. தட்கல் என்றால் மேலே 2000. தேதித் திருத்தத்துக்குத் தட்கல் போடச் சொல்லி நான் யாருக்கும் சொல்வதில்லை. அந்தப் பணம் வரிசையில் முன்னால் நிற்கத்தான். காகிதத்தைச் சரிபார்க்கிற நேரத்தை அது குறைக்காது.

கவுன்ட்டர்ல என்ன கேப்பாங்க? படபடன்னு வருதுங்க.

மூன்று கட்டம். ஏ கவுன்ட்டரில் இருப்பவர்கள் ஒப்பந்த நிறுவனத்து ஊழியர்கள். ஸ்கேன், போட்டோ, கைரேகை எடுப்பார்கள். அங்கே வாதாட வேண்டாம். பி கவுன்ட்டரில்தான் அரசு அதிகாரி காகிதங்களைப் பார்ப்பார். சி-யில் முடிவு. தபால் நிலையத்தில் இருக்கிற சிறிய சேவை மையங்களில் இவ்வளவு மேசை இருக்காது, ஒரே அறையில் முடிந்துவிடும். தேதி வித்தியாசம் பெரிதாக இருந்தால் அங்கேயே முடிக்காமல் மண்டல அலுவலகத்தின் பரிசீலனைக்கு அனுப்பிவிடுவார்கள். அது நிராகரிப்பு இல்லை. கடிதம் வந்தால் கொச்சிக்குப் போய்ப் பதில் சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

பி கவுன்ட்டரில் கேட்பது பெரும்பாலும் ஒன்றுதான்: ‘முதல் பாஸ்போர்ட்டுக்கு எந்தக் காகிதம் கொடுத்தீர்கள்?’ ஞாபகமில்லை என்றால், போவதற்கு முன்பே தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி உங்கள் பழைய கோப்பின் நகலைக் கேளுங்கள். தெரிந்த பிறகு உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள். ‘பள்ளிச் சான்று கொடுத்தேன், அதில் சேர்க்கும்போது வாத்தியார் எழுதிய தேதி, பிறப்புச் சான்று அப்புறம்தான் கிடைத்தது’ என்றால் அதிகாரிக்குப் புரியும். அவரும் இந்த நாட்டுப் பள்ளிக்கூடத்தில் படித்தவர்தானே.

துபாய்க்கு அனுப்பும்போது ஏஜெண்ட் வயசைக் கூட்டிப் போட்டுட்டான். எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க.

இதைத்தான் குரலைத் தாழ்த்திக் கேட்பார்கள். பத்தாவது படிக்காத பெண்களுக்குக் குடியேற்ற அனுமதி தேவைப்படும் பாஸ்போர்ட்தான் கிடைக்கும். அதை வைத்து வளைகுடாவுக்கு வீட்டு வேலைக்குப் போக 30 வயது ஆகியிருக்க வேண்டும். இருபத்து நான்கு வயசுப் பெண்ணை ஏஜெண்ட் முப்பத்தொன்று ஆக்குவது அதனால்தான். இது வாத்தியார் எழுதிய மே மாதம் மாதிரி இல்லை. பாஸ்போர்ட் சட்டத்தின் 12-ஆம் பிரிவில் தெரிந்தே பொய்த் தகவல் கொடுத்தால் இரண்டு வருடம் வரை சிறை, அல்லது 5000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்று இருக்கிறது. பாஸ்போர்ட்டை முடக்கவும் முடியும்.

பயமுறுத்த எழுதவில்லை. ஆனால் இந்த கேஸை நான் என் மேசையில் வைத்து முடிக்க மாட்டேன், முதலில் வக்கீலைப் பாருங்கள் என்று அனுப்பிவிடுவேன். நீங்கள் கையெழுத்துப் போட்டது தெரிந்தா தெரியாமலா, அப்போது படிக்கத் தெரியுமா, எந்தக் காகிதம் போலி என்பதெல்லாம் எழுத்தில் ஒழுங்காக வர வேண்டும். முதல் பொய்யை மறைக்க ‘தட்டச்சுப் பிழை’ என்று எழுதினால் அது இரண்டாவது பொய் ஆகிவிடும். அதில் உங்கள் கையெழுத்து மட்டும்தான் இருக்கும், ஏஜெண்டின் கையெழுத்து இருக்காது.

எனக்கு ரெண்டு பிறப்புச் சான்று இருக்குதுங்க. பொள்ளாச்சில ஒண்ணு, பஞ்சாயத்துல ஒண்ணு. வசதியானதக் குடுத்துக்கலாமா?

கூடாது. ஆஸ்பத்திரி தானாகப் பதிந்திருக்கும். அது தெரியாமல் தாத்தா இங்கேயும் போய்ச் சொல்லியிருப்பார். பிறப்பு நடந்த இடத்துப் பதிவுதான் நிற்கும். மற்றதை ரத்து செய்யச் சொல்லி எழுதிக் கொடுங்கள், மேலே சொன்ன 15-ஆம் பிரிவே அதற்கும் உதவும். இரண்டும் கம்ப்யூட்டரில் ஏறியிருக்கலாம். ஒன்றைக் காட்டி வாங்கிய பிறகு மற்றது வெளியே வந்தால் விளக்கம் சொல்வது கடினம்.

பழைய பாஸ்போர்ட்ல விசா இன்னும் ரெண்டு வருஷம் இருக்குது. தேதி மாத்துனா விசா போயிடுமா?

பாஸ்போர்ட் ரத்தானாலும் அதிலிருக்கிற விசா தானாக ரத்தாகாது. ரத்து செய்த பழைய புத்தகத்தைத் தூக்கிப் போடாதீர்கள் என்று முதல் பதிலில் சொன்னது இதற்காகத்தான். சாதாரணப் புதுப்பித்தல் என்றால் இரண்டையும் சேர்த்துக் காட்டிப் போய்விடலாம். ஆனால் உங்கள் விஷயத்தில் விசாவில் ஒரு தேதி, புதிய பாஸ்போர்ட்டில் ஒரு தேதி. விமான நிலையத்தில் நின்று தர்க்கம் பண்ண முடியாது. புதிய புத்தகம் வந்ததும் வேலை கொடுத்தவர் மூலம் அந்த நாட்டு விசாவிலும் அடையாள அட்டையிலும் மாற்றச் சொல்லுங்கள், மாற்றிய பிறகு பயணச்சீட்டு எடுங்கள். இப்போதே அங்கே இருக்கிறவர்கள் அங்குள்ள இந்தியத் தூதரகத்திலேயே விண்ணப்பிக்கலாம்.

மாத்த முடியாதுன்னுட்டாங்க. கோர்ட்டுக்குப் போகணுமா?

முதலில் ஏன் முடியாது என்பதை எழுத்தில் வாங்குங்கள். பாதிப் பேருக்கு வாய்வார்த்தையாகத்தான் ‘கோர்ட் ஆர்டர் கொண்டு வா’ என்று சொல்லியிருப்பார்கள். விடுபட்ட காகிதத்தைக் கொடுத்தாலே முடிகிற கேஸ் அதில் நிறைய உண்டு. பிறப்புச் சான்றே கிடைக்காது, அல்லது காகிதங்கள் ஒன்றுக்கொன்று முட்டுகின்றன என்றால் முன்சீப் கோர்ட்டில் ‘இதுதான் என் பிறந்த தேதி’ என்று அறிவிக்கக் கோரி வழக்குப் போடலாம். எல்லாக் காகிதமும் சரியாக இருந்தும் மறுத்துவிட்டார்கள் என்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட். கொச்சி மண்டலத்து மறுப்புக்கு எர்ணாகுளம், கோயமுத்தூர் மண்டலத்து மறுப்புக்குச் சென்னை. இரண்டு பக்கமும் விலாசம் வைத்திருக்கிறவர்கள் இந்த இடத்தில்தான் குழம்புகிறார்கள். எந்த அலுவலகம் மறுத்ததோ அதன் பக்கம் போங்கள்.

எனக்கும் எங்கண்ணனுக்கும் பாஸ்போர்ட்ல அஞ்சு மாசந்தான் வித்தியாசம். இது எப்படிங்க?

சிரிக்காதீர்கள், இது மூன்று குடும்பத்தில் வந்திருக்கிறது. அண்ணனுக்குப் பிறப்புச் சான்றில் இருக்கிற டிசம்பர், தம்பிக்கு வாத்தியார் வைத்த அடுத்த மே. இந்தியாவுக்குள் யாரும் கவனிக்கவில்லை. அம்மாவுக்குக் குடும்ப விசா போட்டபோது தூதரகத்துப் பெண் இரண்டு பாஸ்போர்ட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துவிட்டு, ‘ஒருவரைத் தத்தெடுத்தீர்களா?’ என்று கேட்டிருக்கிறார். அம்மாவுக்கு மலையாளமும் தமிழும் கலந்து கோபம் வந்ததாகக் கேள்வி.

யாருடைய தேதி தப்போ அவர் மட்டும் திருத்தினால் போதும். தம்பியின் பிறப்புச் சான்று வாங்கி, பள்ளிச் சான்றைத் திருத்தி, அப்புறம் பாஸ்போர்ட் என்று மேலே சொன்ன அதே வரிசை. கவுன்ட்டருக்குப் போகும்போது அண்ணனின் பிறப்புச் சான்று நகலையும் எடுத்துப் போகச் சொன்னேன். எதற்கு என்று தம்பி கேட்டார். அதிகாரி பார்த்ததும் அவருக்கே புரிந்துவிட்டது.